ஸ்டான்லி ஸ்டீமர்: பம்ப் ஸ்டவ்வை வயிற்றில் கட்டிக்கொண்டு ஓடிய கார்

கேள்வி இதுதான்: “அந்தக் காலத்தில் நீராவியில் கார் ஓடியதாமே, நிஜமா? எங்கள் தாத்தா சொல்லும் கரி பஸ் அதுதானா? நன்றாக ஓடியிருந்தால் ஏன் காணாமல் போனது?”

முதல் கேள்விக்கு ஒரே வார்த்தை, நிஜம். கரி பஸ் வேறு சங்கதி, அதைக் கடைசியில் சொல்கிறேன். மூன்றாவதுதான் பெரிய கேள்வி. அதற்கு வழக்கமாக வரும் பதில்களில் பாதி ‘பாய்லர் வெடிக்கும், பயந்துபோய் விட்டுவிட்டார்கள்’ என்ற ரகம், மீதி ‘எண்ணெய்க் கம்பெனிகளின் சதி’ என்ற ரகம். சதிக் கதையை ஒரு வரியில் முடித்துவிடலாம்: அந்தக் கார் எரித்ததே பெட்ரோலும் மண்ணெண்ணெயும்தான், எண்ணெய் விற்கிறவனுக்கு அதன்மேல் என்ன கோபம்? வெடிக்கிற கதைக்கு மட்டும் கொஞ்சம் இடம் வேண்டும். நான் பல வருடம் அரிசி ஆலை பாய்லர் பக்கத்தில் காலம் தள்ளியவன், ஆகவே இந்த விஷயத்தில் எனக்குக் கொஞ்சம் ஆவேசம் வரும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

நீராவியில் ஓடும் வண்டி என்று பார்த்தால் 1769லேயே பிரான்சில் நிக்கோலா ஜோசப் கியூனியோ என்ற ராணுவப் பொறியாளர் பீரங்கி இழுப்பதற்காக ஒன்று செய்துவிட்டார். மூன்று சக்கரம், முன்னால் அண்டா மாதிரி ஒரு பாய்லர், நடக்கிற வேகம். அதற்கு அடுத்து அவர் செய்த பெரிய வண்டி இன்றும் பாரிஸ் அருங்காட்சியகத்தில் நிற்கிறது. ஆனால் அதைக் கார் என்று சொல்ல எனக்கு மனம் வராது. சாதாரண மனிதன் காசு கொடுத்து வாங்கி, மனைவியைப் பக்கத்தில் உட்கார வைத்து, ஊருக்குப் போய் வந்த நீராவிக் கார் என்றால் அது அமெரிக்காவின் ஸ்டான்லிதான். அதைப் பற்றியே சொல்கிறேன்.

அதற்கு முன் ஒரு கணக்கு. 1900ல் அமெரிக்காவில் தயாரான கார்கள் மொத்தம் 4,192. அதில் நீராவி 1,681, மின்சாரம் 1,575, பெட்ரோல் வெறும் 936. பெட்ரோல் கார்தான் அன்றைக்குக் கடைசி பெஞ்ச். சத்தம், புகை, நடுக்கம், கியர் மாற்றும்போது கடகடவென்று பல்லைக் கடிக்கும் ஓசை, போதாததற்குக் கையால் சுற்றிக் கிளப்பும்போது பின்னால் உதைத்தால் மணிக்கட்டே முறியும். அன்று யாரிடமாவது எது ஜெயிக்கும் என்று கேட்டிருந்தால் பெட்ரோல் என்று சொல்லியிருப்பாரா என்பதே சந்தேகம்.

சரி, ஸ்டான்லி. பிரான்சிஸ் எட்கர், ஃப்ரீலன் ஆஸ்கர் என்று இரண்டு பேர், 1849ல் மெய்ன் மாநிலத்தில் கிங்ஃபீல்டு என்ற சின்ன ஊரில் பிறந்த இரட்டையர்கள். ஒரே முகம், ஒரே தாடி. எல்லோரும் எஃப்.இ., எஃப்.ஓ. என்றே கூப்பிடுவார்கள், நாமும் அப்படியே வைத்துக்கொள்வோம். இவர்கள் பணம் சம்பாதித்தது காரில் இல்லை, போட்டோவில். அந்தக் காலக் கேமராவில் ஃபிலிமுக்குப் பதில் வைக்கும் கண்ணாடி உலர்தட்டுகளைத் தயாரித்து விற்று நன்றாகச் சம்பாதித்தார்கள். பின்னால் 1904ல் அந்தத் தொழிலை வாங்கியது ஈஸ்ட்மன் கோடாக். இடையில் வயலின்கூடச் செய்தார்கள். எதைக் கண்டாலும் ‘இதை நாமே செய்து பார்த்தால் என்ன’ என்று கை பரபரக்கிற ஜாதி.

1896ல் அமெரிக்காவின் பிராக்டன் ஊர்ச் சந்தையில் யாரோ குதிரையில்லாத வண்டி ஒன்றைக் காட்டினார்கள். அது ஒழுங்காக ஓடவில்லை. பார்த்துக்கொண்டிருந்த எஃப்.இ.க்கு அது போதுமானதாக இருந்தது. 1897ல் அண்ணன் தம்பி இருவரும் தங்கள் முதல் காரை ஓட்டிவிட்டார்கள். அடுத்த இரண்டு வருடங்களில் இருநூற்றுக்கும் மேல் விற்றார்கள், அன்று அமெரிக்காவில் வேறு எவரும் அவ்வளவு விற்கவில்லை. உடனே வந்தார்கள் முதலாளிகள். ஜான் பிரிஸ்பன் வாக்கர் என்ற பத்திரிகை அதிபரும் ஆம்சி பார்பர் என்ற தார்ச்சாலைக் கோடீஸ்வரரும் சேர்ந்து 1899ல் தொழிலை அப்படியே இரண்டரை லட்சம் டாலருக்கு வாங்கிக்கொண்டார்கள். வாங்கிய சூட்டோடு சண்டை போட்டுக்கொண்டு பிரிந்தும் போனார்கள். பார்பர் கைக்கு வந்த கம்பெனிதான் லோகோமொபைல்.

அதே 1899 ஆகஸ்ட் 31ஆம் தேதி எஃப்.ஓ., மனைவி ஃப்ளோராவை ஏற்றிக்கொண்டு மவுன்ட் வாஷிங்டன் மலைமேல் ஏறினார். உயரம் 6,288 அடி, பாதை பன்னிரண்டு கிலோமீட்டர் சொச்சம், குதிரை வண்டிக்காகப் போட்ட மண் பாதை. இரண்டு மணி நேரத்துக்குச் சற்று மேல் ஆனது. அதற்கு முன் அந்த மலை உச்சியில் எந்தக் காரும் ஏறியதில்லை. ஏற்றத்தில் நீராவிக்கு இருக்கும் பலமே தனி. ஏன் என்று கீழே வரும்.

லோகோமொபைல் ஆயிரக்கணக்கில் விற்றது. அறுநூறு டாலர்தான், லேசான வண்டி, பார்க்க அழகு. ஆனால் வீட்டுக்குக் கொண்டுவந்தவனுக்கு மாதம் முழுக்க ரிப்பேர் வேலை. கொஞ்ச வருடத்தில் அந்தக் கம்பெனியே நீராவியை விட்டு பெட்ரோலுக்குத் தாவிவிட்டது. இரட்டையர்கள் சும்மா இருப்பார்களா? தங்கள் பேடன்ட்டுகளை விற்ற விலையில் ஒரு சிறு பங்குக்குத் திரும்ப வாங்கி, இன்னும் எளிமையான வண்டியோடு மறுபடி களத்தில் இறங்கினார்கள். நாம் இன்று ஸ்டான்லி ஸ்டீமர் என்று சொல்வது இந்த இரண்டாம் ஆட்டத்து வண்டிகளைத்தான்.

இது எப்படி ஓடியது என்பதற்கு அமெரிக்கக்காரனுக்குப் பக்கம் பக்கமாக விளக்க வேண்டும். நமக்குத் தேவையில்லை, ஏனென்றால் நம் வீட்டில் பம்ப் ஸ்டவ் இருந்தது. எங்கள் அம்மா வைத்திருந்தது பித்தளை ஸ்டவ். கிண்ணத்தில் ஸ்பிரிட் ஊற்றிப் பற்றவைத்து பர்னரைச் சூடாக்கி, அப்புறம் பம்ப் அடித்தால் மண்ணெண்ணெய் மேலே ஏறி, சூட்டில் ஆவியாகி, நீல நிறத்தில் ‘உஸ்ஸ்’ என்று எரியும். சூடாகும் முன்பே அவசரப்பட்டுப் பம்ப் அடித்தால் எண்ணெய் எண்ணெயாகவே வெளியே பீய்ச்சி மஞ்சள் தீ கூரைக்கு எழும்பும். ஓட்டையில் கரி அடைத்தால் பின் வைத்துக் குத்த வேண்டும். ஸ்டான்லி காரின் முன்மூடிக்குள் இருந்தது இதே சமாசாரம்தான், ஸ்டவ்வின் அளவு மட்டும் பெரிது, அதன்மேல் ஒரு பாய்லர்.

ஆகவே காலையில் காரை எடுக்கிற முறையைக் கேளுங்கள். முதலில் பாய்லரில் தண்ணீர் எவ்வளவு என்று பார்க்க வேண்டும். எண்ணெய்த் தொட்டிக்குக் கையால் காற்றழுத்தம் ஏற்ற வேண்டும். ஊதுவிளக்கு எடுத்து, பைலட் என்கிற சின்ன பர்னரை அது பெட்ரோலை ஆவியாக்கும் அளவுக்குச் சூடாக்க வேண்டும். பைலட் நீலமாக எரியத் தொடங்கியதும் பெரிய பர்னரின் குழாய் சூடேறும் வரை பொறுத்து, வால்வை மெல்லத் திறந்தால் ‘பொம்’ என்று ஒரு சத்தத்தோடு மொத்த அடுப்பும் பிடிக்கும். பொறுக்காமல் திறந்தால் அம்மாவின் ஸ்டவ் கதைதான், கூரைக்குப் பதில் மீசை. அதற்குப் பிறகும் நீராவி சேர இருபது நிமிடம், அரை மணி ஆகும். சேர்ந்ததும் ஏறி உட்கார்ந்து போய்விட முடியாது. குளிர்ந்து கிடக்கும் சிலிண்டருக்குள் நீராவி நுழைந்ததும் தண்ணீராகிவிடும், தண்ணீரை அமுக்க முடியாது, அப்படியே வேகமாக எடுத்தால் எஞ்சின் உடையும். எனவே வண்டியை ஓரடி முன்னே, ஓரடி பின்னே என்று தொட்டில் ஆட்டுவதுபோல் ஆட்டித் தண்ணீரை வெளியே தள்ளிவிட்டுத்தான் கிளம்ப வேண்டும்.

இவ்வளவு பாடு எதற்கு என்று நினைத்துப் பலர் ராத்திரி பைலட்டை அணைப்பதே இல்லை. அது சிறிதாக எரிந்துகொண்டே பாய்லரைச் சூடாக வைத்திருக்கும், காலையில் உடனே கிளம்பலாம். வீட்டுக் கொட்டகைக்குள் விடிய விடிய நெருப்பு எரிகிறது என்றால் பக்கத்து வீட்டுக்காரன் எப்படித் தூங்கியிருப்பான் என்று எனக்கு அடிக்கடி தோன்றும்.

ஆனால் ஒருமுறை கிளம்பிவிட்டால் அது வேறு உலகம். கிளட்ச் கிடையாது, கியர்பெட்டி கிடையாது. இரண்டே சிலிண்டர் கொண்ட எஞ்சின் நேரடியாகப் பின் அச்சோடு பல்சக்கரத்தில் கோத்திருக்கும். வண்டி நின்றால் எஞ்சினும் நிற்கும், நின்ற இடத்தில் ஒரு துளி சத்தம் இருக்காது. ஸ்டியரிங் பக்கத்தில் உள்ள சின்ன நெம்புகோலை விரலால் நகர்த்தினால் வண்டி வழுக்கிக்கொண்டு போகும். பெட்ரோல் எஞ்சின் நன்றாகச் சுற்றத் தொடங்கிய பிறகுதான் பலம் காட்டும், அதனால்தான் அதற்குக் கியர் வேண்டியிருக்கிறது. நீராவிக்கு அப்படி இல்லை, பாய்லரில் சேர்த்து வைத்த அழுத்தம் முழுவதும் முதல் அங்குலத்திலேயே பிஸ்டனைத் தள்ளும். மலையில் அது சுலபமாக ஏறியதன் காரணம் இதுதான். இன்று மின்சார ஸ்கூட்டரில் சிக்னலில் இருந்து கிளம்புகிறவர்களுக்கு நான் சொல்வது நன்றாகப் புரியும்.

இப்போது வெடிக்கிற விஷயத்துக்கு வருவோம். ஸ்டான்லி பாய்லரில் அழுத்தம் 600 பி.எஸ்.ஐ., அதாவது சதுர அங்குலத்துக்கு 600 பவுண்டு வரை போகும். வீட்டுக் குக்கர் சுமார் 15, நான் பார்த்த ஆலை பாய்லர் 150. அப்படியென்றால் கால் மாட்டில் குக்கரைப்போல் நாற்பது மடங்கு. கேட்டால் வயிறு கலங்கத்தான் செய்யும். ஆனால் அந்த இரட்டையர்கள் அதைச் செய்த விதத்தைப் பாருங்கள். இருபது குதிரைச் சக்தி வண்டியின் பாய்லர் 23 அங்குல விட்டமுள்ள ஒரு உருளை. அதற்குள் 750க்கும் மேற்பட்ட மெல்லிய செம்புக் குழாய்கள் செங்குத்தாக நிற்கும், குழாய்க்குள் நெருப்பின் சூடு, குழாயைச் சுற்றித் தண்ணீர். உருளைக்கு வெளியே பியானோக் கம்பியை அடுக்கடுக்காக இறுக்கிச் சுற்றியிருப்பார்கள், பம்பரத்துக்குச் சாட்டை சுற்றுவதுபோல. அந்தக் கம்பிக்கு இருக்கும் வலு சாதாரணத் தகட்டுக்கு வராது. ஆகவே அழுத்தம் எல்லை மீறினால் முதலில் இளகுவது செம்புக் குழாய் தகட்டோடு சேரும் மூட்டு. அங்கே தண்ணீர் ஒழுகி நேராக அடியில் இருக்கும் அடுப்பில் விழும், அடுப்பே அணைந்துவிடும். கூட அழுத்தம் கூடினால் தானாக எண்ணெயை நிறுத்தும் வால்வு, சேஃப்டி வால்வு, தண்ணீர் குறைந்தால் உருகிச் சத்தம் போடும் ஈய அடைப்பு. குக்கர் மூடியில் வெயிட்டுக்குப் பக்கத்தில் ஒரு சின்ன பித்தளைத் திருகு இருக்குமே, அதே தத்துவம். ஸ்டான்லி பாய்லர் சாலையில் வெடித்து ஆள் செத்ததாக ஒரு பதிவும் கிடையாது. குழாய் கருகிப்போய்ச் செலவு வைத்தது உண்டு, அது வேறு.

வேகம்? 1906 ஜனவரி 26, ஃப்ளோரிடா கடற்கரை, டேட்டோனா பக்கம். கம்பெனியில் வேலை பார்த்த ஃபிரெட் மேரியட் என்பவர், படகைக் கவிழ்த்து வைத்ததுபோன்ற தாழ்வான ஒரு சிவப்பு வண்டியில் படுத்தாற்போல் உட்கார்ந்து ஒரு மைலை 28.2 விநாடியில் கடந்தார். மணிக்கு 127.66 மைல், நம் கணக்கில் 205 கிலோமீட்டர். உலகில் அதற்கு முன் எந்தக் காரும் அந்த வேகத்தைத் தொட்டதில்லை, நீராவியிலும் சரி பெட்ரோலிலும் சரி. அடுத்த வருடம் அதே மணலில் இன்னும் வேகமாகப் போகப் பார்த்தார்கள். மணலில் அலை அரித்த மேடு பள்ளத்தில் பட்டு வண்டி தூக்கியெறியப்பட்டு இரண்டாகச் சிதறியது, பாய்லர் தனியாகக் கழன்று கடற்கரையோடு உருண்டது. மேரியட்டுக்குப் பலத்த அடி, பிழைத்துக்கொண்டார், 1956 வரை இருந்தார். அண்ணன் தம்பி அதோடு பந்தயத்துக்கு முழுக்குப் போட்டுவிட்டார்கள். நீராவிக் காரில் அந்த 1906 சாதனையை அதிகாரபூர்வமாக முறியடிக்க இன்னொருவருக்கு 2009 வரை ஆனது. பிரிட்டனில் செய்த ஒரு வண்டி, பன்னிரண்டு பாய்லர், அமெரிக்கப் பாலைவன விமானதளத்தில் ஓட்டி 139.84 மைல் எடுத்தார்கள்.

சத்தமில்லை, வேகம் உண்டு, மலை ஏறும், வெடிக்காது. பின்னே ஏன் தோற்றது?

முதல் தலைவலி தண்ணீர். பழைய வண்டிகள் பயன்படுத்திய நீராவியை அப்படியே காற்றில் விட்டுவிடும். ஒரு மைலுக்குச் சுமார் ஒரு காலன் குடிக்கும், முப்பது நாற்பது மைலுக்கு ஒருமுறை நிறுத்தி நிரப்ப வேண்டும். அன்று சாலையோரம் குதிரைகளுக்கென்று தண்ணீர்த் தொட்டிகள் இருந்தன. காரில் ஒரு ரப்பர் குழாய் இருக்கும், அதைத் தொட்டியில் போட்டு நீராவியைத் திருப்பிவிட்டால் அதுவே உறிஞ்சிக்கொள்ளும். 1914ல் அமெரிக்காவில் கால்நடைகளுக்குக் கோமாரி பரவியது, தொட்டி வழியாக நோய் பரவும் என்று பல ஊர்களில் மூடிவிட்டார்கள். ‘ஒரு மாட்டு வியாதிதான் நீராவிக் காரைக் கொன்றது’ என்று பொருளாதாரப் பாடங்களில்கூட இதைச் சுவையாகச் சொல்வார்கள். எனக்கு இதில் உடன்பாடு இல்லை. தொட்டி மூடியது உண்மை, ஆனால் அதற்குள் போட்டி ஏறக்குறைய முடிந்துவிட்டது.

அதை முடித்தது விலையும் பட்டனும்தான். ஹென்றி ஃபோர்டு 1908ல் மாடல் டி காரைக் கொண்டுவந்து, வருடா வருடம் விலையை இறக்கிக்கொண்டே போனார். ஸ்டான்லிக்காரர்களோ வருடத்துக்குச் சில நூறு கார், ஒவ்வொன்றும் கைவேலை, விளம்பரம் செய்வதே வீண் என்ற எண்ணம். அப்புறம் 1912ல் கேடிலாக் காரில் சார்லஸ் கெட்டரிங் செய்த மின்சார ஸ்டார்ட்டர் வந்தது. மணிக்கட்டு முறியும் பயம் போனது, பெண்களும் வயதானவர்களும் ஒரு பொத்தானை அழுத்திக் கிளம்பினார்கள். பெட்ரோல் காரின் மோசமான குறை ஒரே நாளில் தீர்ந்தது, இந்தப் பக்கம் ஊதுவிளக்கும் அரை மணி நேரமும் அப்படியே இருந்தன. வாங்குகிறவன் எதை எடுப்பான்?

1915ல் அவர்களும் இறங்கி வந்து கண்டென்சர் வைத்தார்கள். முன்னால் ரேடியேட்டர்போல் ஒன்று, நீராவியை மறுபடி தண்ணீராக்கித் தொட்டிக்கு அனுப்பும். தண்ணீர்த் தொல்லை குறைந்தது, புதுத் தொல்லை வந்தது. சிலிண்டருக்குப் போடும் எண்ணெயும் நீராவியோடு சேர்ந்து திரும்பி வந்து பாய்லருக்குள் படியும். பாய்லர் பக்கம் நின்றவர்களுக்குத் தெரியும், தண்ணீரில் எண்ணெய் கலந்தால் குழாயில் ஒரு படலம் ஒட்டிக்கொண்டு சூடு தண்ணீருக்குப் போகாமல் குழாயே எரியும். செம்பை விட்டு எஃகுக் குழாய்க்கு மாறினார்கள். வண்டியின் எடையும் ஏறிக்கொண்டே போனது, எஞ்சினோ அதே பழைய இருபது குதிரை. முன்பு சிட்டாகப் பறந்த கார் இப்போது பெரிய மனிதத் தோரணையில் நடந்தது.

மனிதர்களும் களைத்துவிட்டார்கள். எஃப்.ஓ.வுக்குக் காசநோய். 1903ல் டாக்டர்கள் மலைக்காற்றுக்குப் போகச் சொன்னார்கள், கொலராடோவின் எஸ்டெஸ் பார்க்குக்குத் தன் காரிலேயே ஏறிப் போனார், இடம் பிடித்துப்போய் 1909ல் அங்கே பெரிய ஓட்டல் ஒன்றைத் திறந்தார். ரயிலடியிலிருந்து விருந்தினரை ஏற்றிவர ஸ்டான்லியிலேயே பன்னிரண்டு பேர் உட்காரும் மலை வண்டிகள் செய்தார்கள். அன்றைய மினி பஸ் என்று வைத்துக்கொள்ளுங்கள். நோயாளி என்று அனுப்பிய அந்த மனிதர் 91 வயது வரை, 1940 வரை இருந்தார். திடமாக இருந்த எஃப்.இ. 1918ல் தன் காரை ஓட்டிப் போகும்போது, எதிரே சாலையை அடைத்துக்கொண்டு வந்த இரண்டு பண்ணை வண்டிகளை மோதாமல் இருக்கத் திருப்பி, ஓரத்தில் அடுக்கியிருந்த விறகுக் குவியலில் மோதி இறந்தார். அதற்கு முந்தைய வருடமே இருவரும் கம்பெனியிலிருந்து விலகியிருந்தார்கள். பிறகு வந்தவர்கள் 1924 வரை இழுத்தார்கள். அந்தக் கடைசி வருடத்தில் ஒரு ஸ்டான்லி செடான் 3,950 டாலர், ஃபோர்டு ஐந்நூறுக்கும் கீழே.

பொத்தான் பிரச்சினையைத் தீர்த்த ஆளும் உண்டு என்பதைச் சொல்லாவிட்டால் தப்பாகிவிடும். ஏப்னர் டோபிள் என்று ஒரு இளைஞர், மாணவனாக இருந்தபோதே ஸ்டான்லி தொழிற்சாலைக்குப் போய்ப் பார்த்தவர். அவர் 1920களில் செய்த காரில் ஒரு சுவிட்சைத் தட்டினால் ஒரு நிமிடத்துக்குள் கிளம்பலாம். அற்புதமான வண்டி, ஆனால் எதையும் இது போதும் என்று விடாத மனிதர், விலையோ எட்டாத உயரம், மொத்தம் விற்றது சில டஜன்.

கடைசியாகத் தாத்தாவின் கரி பஸ். இரண்டாம் உலகப் போரின்போது பெட்ரோல் ரேஷன் ஆனதால் நம் ஊர் பஸ்களின் பின்னால் ஒரு உயரமான டிரம் கட்டி அடுப்புக்கரி எரித்தார்களே, அதில் பாய்லரும் கிடையாது, நீராவியால் தள்ளும் பிஸ்டனும் கிடையாது. கரியைக் காற்று போதாமல் எரித்தால் கார்பன் மோனாக்சைடு வாயு வரும், அதைக் குழாய் வழியாகக் கொண்டுபோய் சாதாரண பெட்ரோல் எஞ்சினுக்குள்ளேயே எரித்தார்கள். ஏற்றத்தில் மூச்சு வாங்கும், ஆட்கள் இறங்கித் தள்ள வேண்டியிருக்கும், நீராவிக் காருக்கு நேர் எதிர். ஒரே ஒரு ஒற்றுமை, கிளீனர் பின்னால் நின்று விசிறியின் கைப்பிடியைச் சுற்றிச் சுற்றிக் கரியைக் கனலவைத்த பிறகுதான் டிரைவர் வண்டியில் ஏறுவார். தாத்தாவிடம் அந்தக் கைப்பிடியைப் பற்றிக் கேளுங்கள், நிச்சயம் நினைவிருக்கும்.